தண்ணீருக்கு உத்தரவில்லை

ஞாயிற்றுக்கிழமை, சாயங்காலம் நாலரை மணி. டிசம்பர் மாதம். அந்த நேரத்துக்கே இங்கே இருட்டிவிடும். காட்டு வழியாக மேட்டுக்கு ஏறும் ஒரு தார்ச்சாலை. இரண்டு பக்கமும் இலையெல்லாம் கொட்டிப்போன மரங்கள். சாலையில் ஒரு கார் இல்லை… அந்தச் சாலையில் மட்டுமில்லை, ஜெர்மனி முழுவதிலுமே இல்லை.

சிரிக்காதே, உமாபதி. நீ போன வருஷம்தான் இந்த ஊருக்கு வந்தாய். எழுபத்து மூன்றில் எண்ணெய்த் தட்டுப்பாடு வந்தபோது, ஞாயிற்றுக்கிழமைகளில் யாரும் கார் ஓட்டக் கூடாது என்று சர்க்கார் சில வாரத்துக்கு உத்தரவு போட்டது. பெரிய நெடுஞ்சாலையில் பிள்ளைகள் சக்கரச் செருப்பு மாட்டிக்கொண்டு விளையாடினார்கள். ஜனங்கள் அதைத் திருவிழா போலக் கொண்டாடினார்கள். எல்லோருக்கும் அது திருவிழா. ஒரு வீட்டுக்கு மட்டும் இல்லை.

கனகவல்லி, கதவை முழுக்கச் சாத்தாதே. கொஞ்சம் திறந்தே இருக்கட்டும். உள்ளே வாசு தூங்குகிறான். அவன் காதில் விழக் கூடாத கதை இது, அதனால் எல்லோரும் கிட்டே வந்து உட்காருங்கள். விளக்கை அணைக்க வேண்டாம். பேய்க் கதைக்கு இருட்டு வேண்டும் என்று யார் சொன்னது?

வாசு யார் பிள்ளை என்று கேட்டாய் அல்லவா, உமாபதி? என்னோடு கூட்டிங்கன் ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்த பாமாவின் அக்கா அம்பிகா. அவள் பிள்ளை. அம்பிகாவுக்கு ஆஸ்பத்திரியில் இரவு வேலை வரும் நாட்களில் பையனை என்னிடம் விட்டுப் போகிறாள். போன வாரத்திலிருந்துதான். இந்தக் கதையை அவள் என்னிடம் ஒரே ஒரு தடவை சொன்னாள், வெங்காயம் நறுக்கிக்கொண்டே. கண்ணில் வந்த தண்ணீருக்கு வெங்காயம்தான் காரணம் என்றாள். நானும் சரி என்று விட்டுவிட்டேன்.

அம்பிகாவின் புருஷன் சிதம்பரம். நிலத்தடி நீரைப் பற்றி ஆராய்ச்சி செய்தவர். கெட்டிக்காரர், சாது. சாது என்றால் எப்படிப்பட்ட சாது? நடைபாதையில் சிவப்பு விளக்கு எரிந்தால், நடுராத்திரியில் ஒரு ஈ காக்கை இல்லாத தெருவிலும் பச்சை வரும்வரை நிற்பார். அந்த மாதிரி. ஜெர்மன்காரனும் நிற்பான்தான், ஆனால் அவன் பழக்கத்தால் நிற்கிறான். நம்மவர் பயத்தால் நின்றார். யாரோ எங்கிருந்தோ பார்த்துக்கொண்டிருக்கிறான், விசாவில் கை வைத்துவிடுவான் என்கிற பயம். நமக்கெல்லாம் அது கொஞ்சம் உண்டு. அவருக்கு முழுக்க அதுவே இருந்தது.

அவர் அளவெடுக்கும் கிணறுகள் வேஸர் ஆற்றுப் பக்கம் ஒரு கிராமத்தில் இருந்தன. அதனால் அங்கேயே ஒரு வீட்டு மாடியில் குடியிருந்தார்கள். கீழே வீட்டுக்காரக் கிழவி. ஊருக்கு மேலே காட்டு நடுவில் ஒரு புல்வெளி. அதற்குப் பெயர் இங்கிலீஷ்காரன் மேடு. ஏன் அந்தப் பெயர் என்று அம்பிகா கேட்டபோது கிழவி சொன்ன கதையை முதலில் கேளுங்கள்.

இருநூறு வருஷத்துக்கு முன்னால் இங்கிலாந்து ராஜாதான் இந்தப் பக்கத்துக்கும் ராஜா. பிரெஞ்சுக்காரனோடு யுத்தம். ஒரு குளிர்காலம் முழுக்க இங்கிலீஷ் பட்டாளம் ஒன்று அந்த மேட்டில் கூடாரம் போட்டுக் கிடந்தது. சிவப்புக் கோட்டு, வெள்ளைப் பட்டை, நீளத் துப்பாக்கி. பார்க்க லட்சணமாகத்தான் இருப்பார்கள். ஆனால் பிழைப்பு நாய்ப் பிழைப்பு. தலைமயிரில் ஆட்டுக் கொழுப்பைத் தடவி, அதன்மேல் மாவைத் தூவிச் சடை போட வேண்டும். வயிற்றுக்கு இல்லாத மாவு தலைக்கு. தலை நிமிர்ந்தே இருக்க வேண்டும் என்று கழுத்தைச் சுற்றி விறைப்பான தோல் பட்டை. அதைக் கட்டிவிட்டால் குனிய முடியாது, தன் காலைத் தானே பார்க்க முடியாது. துப்பாக்கிக்கு மருந்து காகிதத்தில் சுற்றியிருக்கும். அதைப் பல்லால் கடித்துக் கிழித்துக் குழலில் கொட்ட வேண்டும். நாள் முழுக்கக் கடித்தால் உதடெல்லாம் கரி. மருந்தில் உப்பு இருக்கிறதே… அந்தத் தாகம் ஒரு குடம் குடித்தாலும் அடங்காதாம்.

அப்படி ஒருநாள் பயிற்சி முடிந்து வந்த ஒருவன், அதிகாரியின் கூடாரத்தில் இருந்த திராட்சை மதுவில் ஒரு வாய் குடித்துவிட்டான். ஒரே ஒரு வாய். மூன்று ஈட்டிகளைக் கூம்பாகக் கட்டி, அதில் அவனைக் கட்டி, சாட்டையால் அடித்தார்கள். அடித்தது யார் தெரியுமா? முரசு கொட்டுகிற பையன்கள். அதுதான் அவர்கள் பட்டாளத்து வழக்கம். அடித்து முடித்த பிறகு அதிகாரி சொன்னார்: குடிக்கத்தானே ஆசைப்பட்டான், நான் சொல்லும்வரை இவனுக்குத் தண்ணீர் கிடையாது. பக்கத்தில் காவலுக்கு ஒருவனை நிறுத்தினார். அந்தக் காவல்காரன் கட்டுண்டு கிடந்தவனின் கூடப் பிறந்த அண்ணன்.

பிறகு அதிகாரி பாதிரியார் வீட்டுக்கு விருந்துக்குப் போனார். வாத்து வறுவல், மது, சீட்டாட்டம். கட்டுண்டு கிடந்தவனை… மறந்துபோனார்.

அவ்வளவுதான். கொடுமைக்காகக்கூட இல்லை, மறதி. தம்பி விடிய விடியத் தண்ணீர் கேட்டான். ஓடை பக்கத்திலேயே ஓடுகிறது, சத்தம் கேட்கிறது. அண்ணன் அசையவில்லை. உத்தரவு வரவில்லையே. விடிந்து பார்த்தால் தம்பி விறைத்துக் கிடந்தான். அண்ணனைக் கூப்பிட்டு, கட்டுப்பாடான சிப்பாய் என்று எல்லோர் முன்னாலும் அதிகாரி பாராட்டினாராம்.

கதை முடிந்ததும் சிதம்பரம் என்ன சொன்னார் என்று அம்பிகா எனக்குச் சொன்னாள்.

"பாவம்தான். ஆனா அவன் என்ன பண்ணுவான்? ஆர்டர்னா ஆர்டர்தானே?"

சரி. இப்போது அந்த ஞாயிற்றுக்கிழமைக்கு வாருங்கள்.

வாசுவுக்கு மூன்று வயது. காலையிலிருந்து வாந்தி, வயிற்றுப்போக்கு. சாயங்காலத்துக்குள் கண் உள்ளே போய்விட்டது. உதடு வெடித்துவிட்டது. அழுதால் கண்ணில் நீர் வரவில்லை. கிழவி தங்கை வீட்டுக்குப் போயிருந்தாள், அவள் டெலிபோன் பூட்டிய அறையில் இருந்தது. டாக்டர் மேட்டுக்கு அந்தப் பக்கம், டவுனில். வாசலில் இவர்களுடைய பழைய ஃபோக்ஸ்வாகன் நிற்கிறது. அம்பிகா குழந்தையைக் கம்பளியில் சுற்றிக்கொண்டு காரண்டை போய் நின்றாள்.

"இன்னிக்கு எடுக்கக் கூடாது, அம்பிகா."

"என்னங்க சொல்றீங்க? குழந்தை கிடக்கிற கிடப்பைப் பாருங்க."

"போலீஸ் நிறுத்தினா என்ன பண்றது? செவ்வாய்க்கிழமை விசா எக்ஸ்டென்ஷன். ஃபைல்ல ஒரு ரிமார்க் விழுந்தா போச்சு. எல்லாரும் ஊருக்கு மூட்டை கட்டணும்."

"பக்கத்து வீட்டுல போய் போன் பண்ணுங்க."

"சண்டே. தொந்தரவு பண்ணா அவங்களுக்குப் பிடிக்காது. நடந்தே போயிடலாம். குறுக்கு வழிதான்."

வைத்தியத்துக்கு என்றால் கார் எடுக்கலாம். அந்த உத்தரவிலேயே அது இருந்தது. வழியில் எந்தப் போலீஸ்காரனும் சல்யூட் அடித்து அனுப்பியிருப்பான். ஆனால் நம்மவர் 'கூடாது' என்கிற வார்த்தை வரைக்கும்தான் கேட்டார். அதற்கு மேல் அவர் காது கேட்காது.

நடந்தார்கள். அவள் கையில் குழந்தை, அவர் கையில் டார்ச்சும் ஃபிளாஸ்க்கும். கொதிக்கவைத்து ஆற்றிய தண்ணீர், உப்பும் சர்க்கரையும் போட்டது. வழியில் நிறுத்தி நிறுத்தி ஒவ்வொரு மூடியாகக் கொடுத்தார்கள். கொடுத்ததில் பாதி உள்ளே தங்கியது. பனிமூட்டம் இறங்கிக்கொண்டிருந்தது. காலடிச் சத்தம் தவிர வேறு சத்தமில்லை… தூரத்தில் ஓடை. அவ்வளவு அமைதியை அந்தக் காடு எத்தனை வருஷத்துக்குப் பிறகு கேட்டதோ.

புல்வெளி வந்தது.

முதலில் வாசனைதான் வந்தது என்றாள் அம்பிகா. தீபாவளி விடியற்காலையில் தெருவில் வருமே, வெடித்த பட்டாசு நாற்றம், அது. அதற்கடியில் இன்னொன்று. கொழுப்பு மெழுகுவத்தியை ஊதி அணைத்தால் வரும் வாடை. ஊசிப்போன மாவின் வாடை. அவளுக்கு அது என்ன என்று பிடிபடவில்லை. குழந்தை அசைந்து "தண்ணி" என்றது.

பிறகு ஒரு சத்தம். டக்.

பழைய துப்பாக்கியின் விசையை இழுத்து நிறுத்துகிற சத்தம்.

இங்கிலீஷில் ஒரு குரல் கேட்டது. "யார் அங்கே?"

சிதம்பரம் டார்ச்சை அடித்தார். சாலை நடுவில், வழியை மறித்து ஒருவன். வெளுத்துப்போன சிவப்புக் கோட்டு. குறுக்கே வெள்ளைப் பட்டை. தோளில் நீளத் துப்பாக்கி. தாடைக்கடியில் கறுப்புத் தோல் பட்டை. முகம் நேரே மேலே பார்த்தபடி இருந்தது. உதடு இருக்கிற இடத்தில் கரி. தொண்டை மட்டும் மேலும் கீழும் அசைந்தது, விழுங்க எச்சில் இல்லாதவனுக்கு அசைகிற மாதிரி.

நீங்களாக இருந்தால் என்ன செய்திருப்பீர்கள்? ஓடியிருப்பீர்கள். கத்தியிருப்பீர்கள். கந்தசஷ்டி கவசம் சொல்லியிருப்பீர்கள். நம்மவர் என்ன செய்தார் தெரியுமா? கோட்டுப் பையில் கைவிட்டு பாஸ்போர்ட்டை எடுத்து நீட்டினார்.

சிரியுங்கள். எனக்கும் முதலில் சிரிப்புத்தான் வந்தது. பேய்க்குப் பாஸ்போர்ட் காட்டின மனுஷனை நான் வேறெங்கும் கேள்விப்பட்டதில்லை. பெயர் சொன்னார். விலாசம் சொன்னார். எந்த இன்ஸ்டிட்யூட், எந்தப் புரொஃபசர், எல்லாம் சொன்னார். ஒவ்வொன்றுக்கும் ஒரு 'சார்'. அந்தச் சிவப்புக் கோட்டுக்கு முன்னால் நம்மூர் ஆட்களை எத்தனை தலைமுறை கைகட்டி நிற்க வைத்தார்களோ, அது எங்கே போகும்?

அவன் பாஸ்போர்ட்டைப் பார்க்கவில்லை. பார்க்க முடியாது, குனிய வேண்டுமே. குழந்தை மறுபடியும் "தண்ணி" என்றது. அம்பிகா ஃபிளாஸ்க்கை வாங்கி மூடியில் ஊற்றினாள்.

"தண்ணீர் கூடாது. உத்தரவு."

அம்பிகா நிற்கவில்லை. மூடியைக் குழந்தையின் வாயருகே கொண்டுபோனாள். ஒரு கை வந்து மூடியின் மேல் பொத்தியது. சூடான கை. மோதிரம் போட்ட கை.

தடுத்தது பேய் இல்லை. புருஷன்.

"கொஞ்சம் பொறு, அம்பிகா. பர்மிஷன் கேக்கறேன்."

"யார்கிட்டங்க? யாருக்குங்க பர்மிஷன்? நம்ம குழந்தைங்க!"

"ப்ளீஸ்… பிரச்சனை வேண்டாம். ஒரு நிமிஷம். சார், மே ஐ…"

அவர் கேட்டார். மரியாதையாக, இலக்கணம் பிசகாமல், திரும்பத் திரும்பக் கேட்டார். அவன் மேலேயே பார்த்துக்கொண்டு நின்றான். ஓடைச் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது. குழந்தையின் அழுகை முனகலாயிற்று. முனகல் நின்றது. உதடு மட்டும் அசைந்தது. மூடியின் மேல் அவர் கை அப்படியே இருந்தது, இறுக்கமாகக்கூட இல்லை, ரொம்ப மென்மையாக. அந்த மென்மையை என்னால் மன்னிக்க முடியவில்லை, வத்சலா, என்றாள் அம்பிகா. வெங்காயம் நறுக்குவதை அப்போது நிறுத்திவிட்டாள்.

அந்தக் கையைக் கடித்தாள் அவள். ரத்தம் வரும்படி கடித்தாள். மூடித் தண்ணீரைக் குழந்தையின் வாயில் விட்டாள். பிறகு நேரே அந்த ஆளைப் பார்த்து நடந்தாள். சுற்றிப் போகவில்லை, அவன் ஊடாகவே போனாள். ஒரு குளிர், ஈரக் கம்பளி முகத்தில் உரசின மாதிரி… அந்தப் பக்கம் வந்துவிட்டாள். அவன் ஒன்றும் செய்யவில்லை. துப்பாக்கியை இறக்கவில்லை. திரும்பக்கூட இல்லை. அவனால் ஒன்றுமே செய்ய முடியாது! அதுதான் இதில் பெரிய அநியாயம். யாரும் யாரையும் தடுத்திருக்க முடியாது, அன்றைக்கும் சரி, இருநூறு வருஷத்துக்கு முன்னாலும் சரி.

"வாங்க!" என்று கத்தினாள்.

அவர் வரவில்லை. பின்னால் அந்தக் கரிவாய்க் குரல் மட்டும் கேட்டது, இப்போது கெஞ்சுகிற மாதிரி. "எனக்குப் பதிலாக நிற்பாயா?"

சிதம்பரம் சொன்ன பதில் அவளுக்குத் தெளிவாகக் கேட்டது. யோசிக்காமல் சொன்னார், வழக்கமாகச் சொல்வதுதான்.

"எஸ், சார்."

குதிகால்கள் சேர்ந்து தட்டும் சத்தம். பிறகு ஒருவன் ஓடும் சத்தம்… புல்லில்… சரிவில்… ஓடை வரைக்கும். அதற்குப் பிறகு வந்த சத்தத்தைத்தான் அவளால் மறக்க முடியவில்லை. யாரோ தண்ணீரில் முகத்தைப் போட்டுக் குடிக்கிற சத்தம். மாடு குடிக்கிற மாதிரி, மூச்சு விடாமல், மடக் மடக் என்று… நிற்கவே இல்லை. நடுவில் அழுகை. மறுபடியும் மடக் மடக்.

அவள் ஓடினாள்.

டவுன் ஆஸ்பத்திரியில் குழந்தைக்கு உடனே குளுக்கோஸ் ஏற்றினார்கள். இன்னும் கொஞ்சம் தாமதித்திருந்தால் கஷ்டம் என்று டாக்டர் சொன்னார். ஏன் காரில் வரவில்லை என்று கேட்டார். இன்றைக்கு ஓட்டக் கூடாதே என்று இவள் சொன்னதும், அந்த மனுஷன் இவளை ஒரு பார்வை பார்த்தாராம். அந்தப் பார்வைக்கு நம் பாஷையில் வார்த்தை கிடையாது.

மறுநாள் காலையில் விறகு வெட்டுகிறவர்கள் சிதம்பரத்தைக் கண்டுபிடித்தார்கள். புல்வெளியில் நின்றுகொண்டிருந்தார். விறைப்பாக. தலைமயிர் முழுக்க உறைபனி, மாவு தூவின மாதிரி. ஒரு கை தோளருகே எதையோ பிடித்திருந்தது. கையில் ஒன்றுமில்லை. இரண்டு பேர் சேர்ந்து தூக்கித்தான் நகர்த்த வேண்டியிருந்தது. "இன்னும் சொல்லவில்லை, இன்னும் சொல்லவில்லை" என்று வண்டியில் முனகிக்கொண்டே வந்தாராம்.

செத்துப்போனார் என்று நினைக்கிறீர்களா? இல்லை. பிழைத்துக்கொண்டார். விசாவும் நீட்டித்துக் கொடுத்தார்கள், ஒரு கேள்வி கேட்காமல். இன்றைக்கும் அதே கிராமத்தில் இருக்கிறார், வேலைக்குப் போகிறார், வரி கட்டுகிறார். கழுத்துதான் குனியவில்லை. டாக்டர்கள் நரம்பு என்றார்கள், தசை என்றார்கள். தட்டை முகத்துக்கு நேரே தூக்கி வைத்துக்கொண்டு சாப்பிடுவார். தாடைக்கடியில் ஒரு சிவப்புத் தழும்பு, பட்டை பட்டையாக. பிள்ளை வந்து காலைக் கட்டிக்கொண்டால், எங்கிருந்து சத்தம் வருகிறது என்று தெரியாதவர் போல நேரே பார்த்துக்கொண்டு நிற்பார். அம்பிகா இரண்டு வருஷம் பொறுத்தாள். ஒருநாள் நடு இரவில் வாசு தண்ணீர் கேட்டிருக்கிறான். அவள் எழுந்து போனால், அறை வாசலில் அவர் நிற்கிறார். விறைப்பாக. "சார், மே ஐ…" என்று காலியான நாற்காலி ஒன்றைப் பார்த்துக் கேட்டுக்கொண்டிருக்கிறார். விடிந்ததும் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்துவிட்டாள்.

கதை இங்கே முடிந்தது என்றுதான் நானும் நினைத்தேன்.

போன வாரம் வாசு முதல் தடவை இங்கே தூங்கினான். தலைமாட்டில் ஒரு சொம்பு தண்ணீர் வைத்தேன். காலையில் பார்த்தால் சொம்பு நிறைய நிறைய அப்படியே இருக்கிறது. பிள்ளைக்கு உதடு வெடித்திருக்கிறது. ஏன் கண்ணா குடிக்கவில்லை என்று கேட்டேன்.

"அப்பா இருன்னார்."

"அப்பா இங்க இல்லடா. அவர் ஊர்ல இருக்கார்."

"இல்ல சித்தி. அங்க கதவுகிட்ட நின்னார். சேர்ல தலை பூரா மாவு போட்டுக்கிட்டு ஒருத்தர் உக்காந்து குடிச்சிக்கிட்டு இருந்தார். அப்பா அவர்கிட்ட கேட்டுக்கிட்டே இருந்தார். அவர் சிரிச்சிக்கிட்டே இருந்தார். சரின்னு சொல்லவே இல்ல."

அந்த அதிகாரியின் கதையை அவனுக்கு யாரும் சொன்னதில்லை. அம்பிகா சத்தியம் செய்கிறாள்.

நாற்காலியை அன்றைக்கே அந்த அறையிலிருந்து எடுத்துவிட்டேன். அதில்தான் நீ உட்கார்ந்திருக்கிறாய், உமாபதி. பயப்படாதே, வெறும் மரம்தான்.

…இருங்கள். கேட்டதா?

"தண்ணி."

எழுந்துவிட்டான். கனகவல்லி, நீ உட்கார். உமாபதிதான் கதவுப் பக்கம் இருக்கிறான், அவன் போகட்டும். மேஜையில் டம்ளர் இருக்கிறது பார். எடுத்துக்கொண்டு போ. யாரையும் கேட்காதே. நேரே போய்க் கொடு… அவ்வளவுதான், வேறொன்றும் வேண்டாம்.

யாராவது மெழுகுவத்தியை அணைத்தீர்களா? நாம் ஏற்றவே இல்லையே. பிறகு இந்த வாடை…

ஏன் வாசலிலேயே நின்றுவிட்டாய், உமாபதி?

"குடுக்கலாமா" என்று என்னிடம் ஏன் கேட்கிறாய்? நான்தான் கொடுக்கச் சொன்னேனே. என்னைப் பார்த்துக் கேள்… யாரைப் பார்த்துக் கேட்கிறாய்? அங்கே நீ உட்கார்ந்திருந்த நாற்காலிதான் இருக்கிறது.

உமாபதி. குனிந்து பார்.

பையன் உன் காலடியில்தான் நிற்கிறான்.